குச்சிச் சுவரும் அட்டை நிலாவும்

மேடை மாதிரிகள் செய்வது எனக்குப் பிடித்த வேலை. இந்த முறை எடுத்துக்கொண்டது நியூயார்க்கில் சல்லிவன் தெருவில் இருந்த குட்டி நாடக அரங்கம். சுமார் 150 பேர்தான் உட்காரலாம். ‘தி ஃபேன்டாஸ்டிக்ஸ்’ என்ற இசை நாடகம் 1960 மே 3 முதல் 2002 ஜனவரி 13 வரை அங்கே 17,162 முறை நடந்தது. வாத்தியம் என்று பார்த்தால் ஒரு பியானோ, யாழ் மாதிரி ஒரு ஹார்ப், அவ்வளவுதான்.

முதல் வாரம் மேடை. பலகை, கம்பங்கள், சின்னத் திரை, நடிகர்கள் எழுந்து வரும் பழைய பெட்டி. நிஜத்தில் ஓரடி என்றால் இங்கே அரை அங்குலம். இரண்டே மாலையில் முடிந்தது.

அப்புறம் சுவர். கதையில் இரண்டு அப்பாக்கள், பிள்ளைகள் காதலிக்கட்டும் என்பதற்காகவே பகையாளிகள்போல நடித்து நடுவில் சுவர் எழுப்புகிறார்கள். ஃபோம் போர்டு என்ற லேசான அட்டையில் செங்கல் செங்கலாகக் கீறி வண்ணம் பூசினேன். அழகாகத்தான் வந்தது. ஆனால் மேடையில் வைத்ததும் காதலிக்கும் பெண் பொம்மையின் முகம் மறைந்துவிட்டது. நாடகத்தில் அப்படி ஒரு சுவரே கிடையாது. பேசாத பாத்திரம் ஒன்று குச்சியை நீட்டிப் பிடித்து நிற்கும். அதுதான் சுவர். சரி என்று செங்கல்லை எடுத்துவிட்டுக் கம்பியில் ஓர் ஆள் செய்து, கையில் ஈர்க்குச்சியை ஒட்டினேன். இப்போது இரண்டு முகமும் தெரிகிறது, நடுவில் தடையும் இருக்கிறது. மிச்சச் சுவரைப் பார்க்கிறவர் மனசு கட்டிவிடுகிறது. ஏறக்குறைய 42 வருஷம் ஜனங்கள் வந்துகொண்டே இருந்ததற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். பாதி நாடகத்தை அவர்கள் கையில் கொடுத்திருந்தார்கள்.

நிலாவுக்குத்தான் ரொம்ப மெனக்கெட்டேன். பத்து ரூபாய் நாணயத்தை வைத்து அட்டையில் வட்டம் வெட்டி, ஒரு பக்கம் வெள்ளை, மறுபக்கம் மஞ்சள். முதல் பாதியில் நிலா, திருப்பி மாட்டினால் இரண்டாம் பாதியின் வெயில். நிலா வெளிச்சத்தில் மயங்கியவர்கள் வெயிலில் ஒருவர் குறையை ஒருவர் பார்க்கிறார்கள். செல்போன் டார்ச்சை அடித்துத் திருப்பினேன். மஞ்சள் வெளிச்சம் பட்டு அந்தப் பெண்ணின் கன்னத்தில் நான் விட்டிருந்த தூரிகைத் தடம்கூடத் தெரிந்தது. அதை அழிக்காமல் அப்படியே வைத்திருக்கிறேன்.

இப்போது ஹார்ப் வேலை நடக்கிறது. பெரிய ஹார்ப்பில் 47 தந்திகள். நைலான் நூலில் 19 கட்டியாயிற்று, இன்னும் 28 பாக்கி.