தார் இளகிய நாள்

பிரான்சின் ரெயிம்ஸ் நகரத்துக்கு வெளியே, வயல்களுக்கு நடுவில் போகும் டி27 சாலையில், கார்ப் பந்தயம் பார்க்கக் கட்டிய பழைய மாடம் ஒன்று இன்னும் நிற்கிறது. ரோடு வேலைக்கு அந்தப் பக்கம் போனால் மதியச் சாப்பாடு அதன் நிழலில்தான். 1961 ஜூலை 2 அன்று பிரெஞ்சு கிராண்ட் பிரி என்ற ஃபார்முலா 1 கார்ப் பந்தயம் நடந்தது இங்கேதான். ஊர்ச் சாலைகளை மூடிவிட்டு ஓட்டினார்கள், சுற்று 8.3 கிலோமீட்டர், மொத்தம் 52 சுற்று.

அன்றைய வெயிலில் தார் இளகிவிட்டது. அது என்ன பாடு படுத்தும் என்று எனக்குத் தெரியும். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், நாங்கள் போட்ட ஒட்டு ஒன்று ஜூலை வெயிலில் கசிந்து, போகிற வண்டியெல்லாம் சல்லியைப் பெயர்த்துக்கொண்டு போனது. இரவு முழுக்க மணல் தூவினோம். வளைவில்தான் சேதம் அதிகம். டயர் அங்கே திருகும்.

அந்தச் சாலையில் முன்னால் போகும் காரின் பின்னால் ஒட்டிக்கொண்டு ஓட்டினால் கல் முகத்தில்தான் அடிக்கும். ஃபெராரி ஓட்டிய ஜியான்கார்லோ பகெட்டி அப்படித்தான் ஓட்டினார். வயது 26, உலகச் சாம்பியன் போட்டியில் அதுதான் முதல் பந்தயம், புறப்பட்டது 12ஆவது இடத்தில். ஃபெராரியின் பெரிய ஆட்கள் மூவரும் பின்தங்கினார்கள்: வான் டிரிப்ஸ், கிந்தர் கார்கள் பழுதாகி நின்றன, ஃபில் ஹில் தில்வா வளைவில் சுழன்று, இன்னொரு ஓட்டுநர் மோஸின் கார் இடித்து, எஞ்சின் அணைந்து நின்றார். மிச்சம் இந்தப் புதுப்பையன்தான். எதிரே இரண்டு போர்ஷே கார்கள், அதிலும் ஒன்றை ஓட்டிய போன்னியர் கடைசியில் பின்தங்கிவிட்டார்.

மற்ற போர்ஷேயில் டேன் கர்னி முன்னால். பகெட்டி அவர் காரின் காற்று மறைவிலேயே வந்து, முடிவுக் கோட்டுக்குக் கொஞ்ச தூரத்துக்கு முன் வெளியே விலகி முந்தினார். வித்தியாசம் 0.1 விநாடி. இரண்டேகால் மணி நேர ஓட்டத்துக்கு அவ்வளவுதான்!

அதிர்ஷ்டம் என்று சிலர் சொல்கிறார்கள். அப்புறம் அவர் வேறெந்த உலகச் சாம்பியன் போட்டியிலும் ஜெயிக்கவில்லை என்பது உண்மை. ஆனால் இளகிய தார் மேல் பிடி எங்கே இருக்கும், எங்கே வழுக்கும் என்று ஒவ்வொரு சுற்றிலும் புதிதாகக் கணக்குப் போட வேண்டும். 52 சுற்றும் அதைத் தப்பாமல் செய்தவரை அதிர்ஷ்டக்காரர் என்று சொல்ல எனக்கு மனம் வருவதில்லை.

சாப்பிட்டு முடித்து, வெப்பம் அளக்கும் கருவியைச் சாலைப் பக்கம் நீட்டிப் பார்ப்பேன். எண் ஏறிக்கொண்டே போனால் மணல் வண்டியை வரச் சொல்லிவிடுவேன்.