திரையில் 72 டிகிரி, சோதனைக் குழாயில் மஞ்சள்

பாலைச் சூடாக்கிக் கிருமி நீக்கும் புதிய தானியங்கி பாஸ்டுரைசரைப் பொருத்தியதும் தண்ணீரில் ஓட்டிப் பார்த்ததும் 4 நாட்களில் முடிந்துவிட்டன. தொல்லை, பால் விட்ட அன்றுதான் தொடங்கியது.

திரையில் ஒரு குறையும் இல்லை. சூடான பால் சில விநாடி தங்கிச் செல்லும் தாங்கு குழாயின் முடிவில் 72.6 டிகிரி செல்சியஸ். வரைபடக் கோடு நூல் பிடித்தாற்போல் ஓடியது. சூடு போதாத பாலைத் திருப்பிவிடும் திசைமாற்று வால்வு ஒருமுறைகூடப் பாலைத் திருப்பி அனுப்பவில்லை. ஆனால் பாஸ்பேட்டேஸ் சோதனைக்கு வைத்த குழாயை 2 மணி நேரம் கழித்து எடுத்தால், பளிச்சென்று மஞ்சள்! மஞ்சள் என்றால், பச்சைப்பாலில் இருக்கும் பாஸ்பேட்டேஸ் என்ற நொதி இன்னும் அழியவில்லை என்று பொருள். 72 டிகிரியில் 15 விநாடி நின்ற பாலில் அந்த நொதி அழிந்திருக்க வேண்டும். ஒன்று பால் சரியாகக் காயவில்லை, அல்லது பச்சைப்பால் கலந்திருக்கிறது. அன்றைய பாலில் ஒரு சொட்டைக்கூட வெளியே விடவில்லை.

விற்ற நிறுவனத்தின் பொறியாளரைத் தொலைபேசியில் பிடிக்கவே பாதி நாள் போயிற்று. "உங்கள் சோதனைத் திரவம் பழசாக இருக்கும்" என்றார். கொதிக்கவைத்த பாலை அதே திரவத்தில் சோதித்தேன், நிறமே வரவில்லை. "அப்படியானால் சென்சாரைப் பாருங்கள்" என்றார். தனி வெப்பமானியோடு ஒப்பிட்டேன், 0.2 டிகிரிகூட வித்தியாசம் இல்லை. உப்புக் கரைசல் செலுத்தி, பால் தங்கும் நேரத்தை அளந்தேன், 17 விநாடி. இப்படியே 2 நாள் வீணானது.

பிறகுதான் அழுத்தமானிகளைப் பார்த்தேன். குளிர்ந்த பச்சைப்பாலும் காய்ந்த பாலும் தகட்டின் இரு புறமும் ஓடி வெப்பம் மாற்றிக்கொள்ளும் பகுதியில், காய்ந்த பால் பக்கம்தான் அழுத்தம் கூடுதலாக இருக்க வேண்டும். தகட்டில் ஓட்டை விழுந்தாலும் பச்சைப்பால் அந்தப் பக்கம் போகாமலிருக்கத்தான் இந்த ஏற்பாடு. எங்களிடம் தலைகீழ்: பச்சைப்பால் பக்கம் 1.8 பார், மறுபக்கம் 1.3. இந்த நிலையில், பச்சைப்பாலை அந்தப் பகுதிக்குள் தள்ளும் பூஸ்டர் பம்ப் ஓடவே கூடாது. ஆனால் ஓடியது! தண்ணீர் ஓட்டத்துக்காக அந்தப் பாதுகாப்புத் தடையை நிரலில் விலக்கியவர்கள், திரும்பப் போடாமலே போய்விட்டார்கள். எனக்கு வந்த கோபம் இன்னும் ஆறவில்லை.

தகடுகளைக் கழற்றிச் சாயம் பூசிப் பார்த்தோம். ஒன்றில் மயிரிழை போல ஒரு சிவப்புக் கோடு. புதிய தகடு! வாதாடித்தான் மாற்று வாங்கினேன்.

இயந்திரம் வாங்குகிறவர்கள் ஒப்படைப்புத் தாளில் கையெழுத்திடும் முன், நிரலில் விலக்கி வைத்த தடைகளின் பட்டியலை எழுத்தில் கேளுங்கள். பூஸ்டர் பம்ப் நிற்கிறதா என்று காய்ந்த பால் பக்கத்து அழுத்தத்தை வேண்டுமென்றே குறைத்துக் கண்ணால் பாருங்கள். சென்சாரின் அளவுத்திருத்தச் சான்றிதழில் வரிசை எண் இருக்கிறதா என்றும் பாருங்கள். எங்களுடையதில் இல்லாததால் ஆய்வுக்கு வந்தவர் வாசலோடு திரும்பிவிட்டார். அதற்கு இன்னொரு வாரம்.

நேற்று மாலை குழாயை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். மஞ்சளின் சாயல்கூட இல்லை. உதவியாளரையும் கூப்பிட்டுக் காட்டினேன்.