ஏற்காட்டுக் குளிரில் ஒரு ரொட்டி

சேலத்தில் ஒரு மணி நேரத்தில் பொங்கிவிடும் மாவு, இங்கே மூன்று மணி நேரமாகியும் அசையவில்லை. 1,500 மீட்டர் உயரம், மார்கழி வேறு. ஈஸ்ட்டும் போர்வைக்குள் சுருண்டுவிட்டது போல.

"இட்லி மாவே இங்க லேசுல புளிக்காது, இதுக்கென்ன அவசரம்?" என்றார் அத்தை. வெந்நீர்க் குண்டானுக்குப் பக்கத்தில் ஈரத்துணி போட்டு மூடி வைத்தேன். அப்புறம்தான் மெல்ல எழுந்தது.

அரைக் கிலோ மைதாவுக்கு இரண்டு கரண்டி மலைத்தேன், தொட்டியில் பறித்த ரோஸ்மேரி ஒரு கொத்து, பொடியாக நறுக்கிய கற்பூரவல்லி நாலு இலை. (கஷாயமா வைக்கிறே என்று கேட்டார்கள்.)

தேன் சேர்த்தால் மேல்பக்கம் சீக்கிரம் சிவக்கும். தெரிந்தும் ஏமாந்தேன், ரொட்டியின் முதுகு கருகிவிட்டது. சரி, கத்தியால் சுரண்டி, சூட்டோடு வெண்ணெய் தடவிக் கொடுத்தேன். கடைசித் துண்டு அத்தைக்கு.