ஒரு மணிக்கு எவ்வளவு?

ஏழாம் வகுப்பில் படிக்கும் மாணவி ஒருத்திக்கு மாலை நேரத்தில் கணக்குச் சொல்லிக்கொடுத்து வருகிறேன். ஆறு மணி நேரத்துக்கு 1,080 ரூபாய் தரும் வேலை, நான்கு மணி நேரத்துக்கு 760 ரூபாய் தரும் வேலை ஆகிய இரண்டில் எதில் கூலி வீதம் அதிகம் என்று கேட்டதற்கு, 1,080தான் பெரிய எண் என்பதால் முதல் வேலையையே அவள் சொன்னாள். கைக்கு வரும் மொத்தத் தொகையை நான் கேட்டிருந்தால் அது சரியான விடைதான். வகுத்துப் பார்த்தபோது முதல் வேலைக்கு மணிக்கு 180 ரூபாயும் இரண்டாவதற்கு 190 ரூபாயும் வந்தன.

வகுத்தல் அவளுக்குத் தண்ணீர் பட்ட பாடு. எதை எதனால் வகுப்பது என்பதில்தான் தடுமாற்றம். 'தொகையை நேரத்தால் வகுக்க வேண்டும்' என்று மனப்பாடம் செய்ய வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. அடுத்த நாள் அவள் தலைகீழாக வகுத்துவிட்டு, 0.0055 என்று நீண்டுகொண்டே போன விடையைக் கண்டு ரப்பரைத் தேடினாள். அழிக்க வேண்டாம் என்று சொல்லி, ஆறு மணி நேரத்தை 21,600 நொடிகளாக்கி 1,080ஆல் வகுக்கச் சொன்னேன். விடை 20, அதாவது, ஒரு ரூபாய் ஈட்ட 20 நொடி ஆகிறது. இரண்டாவது வேலையில் அதற்கு 19 நொடிகூட முழுதாக ஆவதில்லை. மணிக்கு எத்தனை ரூபாய் என்று கேட்டால் பெரிய எண்ணும், ரூபாய்க்கு எத்தனை நொடி என்று கேட்டால் சிறிய எண்ணும் கூடுதல் கூலியைக் காட்டுகின்றன. ஆகவே விடைக்குப் பக்கத்தில் அலகை எழுதாவிட்டால் நான் மதிப்பெண் தருவதில்லை. (இதில் அவளுக்கு என்மேல் வருத்தம் உண்டு.)

மூன்றாவதாக, இரண்டரை மணி நேரத்துக்கு 475 ரூபாய் என்று ஒரு வேலையைக் கொடுத்தேன். அவள் 2.30 என்று எழுதி வகுத்து, மணிக்கு 206 ரூபாய்க்கு மேல் வருவதால் இதுவே சிறந்தது என்று அறிவித்தாள். கடிகாரத்தில் 2:30 என்று பார்த்துப் பழகிய கண்ணுக்கு, முப்பது நிமிடம் என்பது அரை மணி, ஆகவே 2.5 என்று எழுத வேண்டும் என்பது எளிதில் உறைப்பதில்லை. திருத்தியதும் இதற்கும் 190 ரூபாயே வந்தது.

இரண்டும் சமம் என்று அவள் நோட்டை மூடப் போனபோதுதான், அந்த 475 ரூபாயில் 100 ரூபாய் நேரத்தைப் பொறுத்து மாறாத தொகை என்றும், மிச்சம் மணிக்கு 150 வீதம் கணக்கிடப்பட்டது என்றும் சொன்னேன். அப்படியானால் நான்கு மணி நேரம் உழைத்தால் 700 ரூபாய், மணிக்கு 175தான். இரண்டே மணி நேரம் என்றால் 400 ரூபாய், மணிக்கு 200. நேரம் கூடக் கூட வீதம் இறங்குகிறது. எவ்வளவு இறங்கினாலும் 150ஐத் தொடுவதில்லை. விகிதசமமாக இல்லாத கூலியை அலகு வீதம் (ஒரு மணிக்கு இவ்வளவு) என்ற ஒற்றை எண்ணுக்குள் அடக்க முடியாது என்பதைப் பாடநூல் பயிற்சிகள் பெரும்பாலும் தொடாமலே விட்டுவிடுவது எனக்குக் குறையாகவே படுகிறது.

வரைபடத் தாளில் இரண்டு வேலைகளுக்கும் கோடு போடச் சொன்னேன். மணிக்கு 190 தரும் வேலையின் கோடு ஆதிப்புள்ளியிலிருந்து கிளம்பியது. மற்றது 100க்கு நேரே தொடங்கி, இரண்டரை மணியில் அதைச் சந்தித்துவிட்டுக் கீழே தங்கியது. அவள் பென்சிலால் அந்த வெட்டுப்புள்ளியைச் சுற்றி ஒரு வட்டம் போட்டுவிட்டு, "அப்போ ரெண்டு மணி நேரம்தான் வேலைன்னா இதுக்குத்தான் போகணும், இல்லையா சார்?" என்று கேட்டாள்.