தொட்டுக்கொள்ளச் சர்க்கரைவள்ளி

அமெரிக்காவில் நவம்பரில் வரும் தேங்க்ஸ்கிவிங் (நன்றி சொல்லும் நாள்) விருந்துக்கு யாராவது கூப்பிட்டால், "நான் என்ன கொண்டுவரட்டும்?" என்று கேட்பது மரியாதை. கேட்காமல் போனாலும் யாரும் ஒன்றும் சொல்லமாட்டார்கள்தான். ஆனால் ஆளாளுக்கு ஒரு பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு வந்திருக்க, நாம் மட்டும் கையை வீசிக்கொண்டு நிற்க வேண்டியிருக்கும். வீட்டுக்காரர்களுக்கு வான்கோழியைப் பார்த்துக்கொள்ளவே நேரம் சரியாகிவிடுகிறது. தொட்டுக்கொள்ளும் வகையெல்லாம் வருகிறவர்கள் பொறுப்பு.

சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு இது ஒரு வசதி. அந்த மேஜையில் பார்வைக்குச் சைவமாகத் தெரிவதில் பாதி சைவமில்லை. ஸ்டஃபிங் வெறும் ரொட்டித் துண்டுதானே என்று எடுத்தால், அதை நனைத்தது கோழி வேகவைத்த சாறாக இருக்கும். பீன்ஸில், தெற்கு மாநில வழக்கப்படி, பன்றி இறைச்சித் துண்டு கிடக்கும். கிரேவியைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். மிஞ்சுவது பிசைந்த உருளைக்கிழங்கும் கிரான்பெரி சாஸும். அப்புறம் ஒரு கண்ணாடித் தட்டில் ஆரஞ்சு நிறத்தில், மேலே வெள்ளையாகப் பொங்கி நுனி சிவந்த ஒன்று இருக்கும். அதுதான் சர்க்கரைவள்ளி கேஸரோல். அப்பாடா என்று கரண்டியை நீட்டினால், மேலே இருக்கிற மார்ஷ்மெல்லோ என்ற மெத்து மிட்டாயில் ஜெலட்டின். மாடு, பன்றியின் தோலிலும் எலும்பிலும் இருந்து எடுப்பது அது. அதனால் பக்கத்து வீட்டில் விருந்துப் பேச்சு எழுந்த உடனேயே, "அந்தக் கிழங்கு என்னோடது" என்று துண்டு போட்டு வைத்துவிடுவேன். ஊருக்கும் ஒரு பதார்த்தம் ஆயிற்று, எனக்கும் சாப்பிட ஒன்று நிச்சயமாயிற்று.

நாங்கள் இருப்பது வட கரோலினாவில், கேரியில். அமெரிக்காவில் சர்க்கரைவள்ளி அதிகம் விளையும் மாநிலம் இதுதான். 1971 முதல் அந்த முதலிடம் கைமாறவில்லை. வில்சன் ஊர்ப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் எழுதிப் போட்டுக் கேட்டதில், 1995-இல் இதையே மாநிலக் காய்கறியாகவும் அறிவித்துவிட்டார்கள். ராலே உழவர் சந்தைக்கு நவம்பரில் போனால், 40 பவுண்டு அட்டைப் பெட்டியை அப்படியே தூக்கி வண்டியில் வைத்துக்கொண்டு போகிறவர்களைப் பார்க்கலாம். பக்கத்து வீட்டு அம்மா ஜான்ஸ்டன் கவுண்டியில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். கிழங்கைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்க்கிற பார்வையிலேயே அது தெரியும்.

கடையில் சில நேரம் 'யாம்' என்று எழுதியிருப்பார்கள். சேனை என்றோ, ஆப்பிரிக்கக் கடைகளில் இருக்கும் மரக்கட்டை போன்ற கிழங்கு என்றோ நினைத்துவிட வேண்டாம். ஆரஞ்சு நிறச் சதை கொண்ட சர்க்கரைவள்ளிதான். நம் ஊரில் பொங்கலுக்கு வருகிற, மேலே சிவந்து உள்ளே வெளுத்த கிழங்கு மாவாக இருக்கும், விக்கும். இது ஈரப்பசை அதிகமானது. இங்கே பயிராவதில் பெரும்பகுதி காவிங்டன் என்ற ரகம், வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகம் 2005-இல் வெளியிட்டது. தோண்டி எடுத்ததும் அப்படியே விற்பதில்லை. வெப்பமும் ஈரமும் நிறைந்த அறையில், ஏறக்குறைய 85 டிகிரி ஃபாரன்ஹீட்டில், ஒரு வாரம் போல வைக்கிறார்கள். தோண்டும்போது பட்ட காயம் ஆறித் தோல் கெட்டிப்படும், இனிப்பும் ஏறத் தொடங்கும். இவ்வளவு மெனக்கெட்டுப் பக்குவம் செய்த கிழங்கை நாம் வீட்டுக்கு வாங்கிவந்து, பழக்க தோஷத்தில் ஃபிரிட்ஜில் வைத்தால், வேகவைத்த பிறகும் நடுவில் கட்டை தட்டும். வெங்காயக் கூடைக்குப் பக்கத்தில் கிடந்தால் போதும்.

ஊர்ப் பழக்கப்படி தண்ணீரில் வேகவைத்தால் இந்தக் கிழங்கு சொதசொதவென்று ஆகிவிடும். ஓவனில் சுட வேண்டும். சுடுவதில் இன்னொரு லாபமும் இருக்கிறது: கிழங்கின் உள்சூடு மெதுவாக ஏறி, ஏறக்குறைய 57-லிருந்து 77 டிகிரி செல்சியஸ் வரையிலான கட்டத்தைக் கடக்கும்போது, அதிலேயே இருக்கிற ஒரு நொதி மாவுச்சத்தை மால்ட்டோஸ் சர்க்கரையாக மாற்றுகிறது. அவசரப்பட்டு மைக்ரோவேவில் வைத்தால் அந்தக் கட்டத்தைக் கிழங்கு ஒரே தாவாகத் தாண்டிவிடும்; இனிப்பு குறையும். தோலோடு கழுவி, முள்கரண்டியால் நாலு இடத்தில் குத்தி, தட்டில் அலுமினியத் தாள் விரித்து 400 டிகிரி ஃபாரன்ஹீட்டில் வைப்பேன். ஒரு மணி நேரத்துக்கு மேலும் ஆகலாம். குத்திய இடத்தில் பாகு கசிந்து, கொதித்து, தாளில் கருப்பாக ஒட்டிக்கொள்ளும். தோல் சதையிலிருந்து கழன்று தொளதொளவென்று நிற்கும். அதுதான் பதம். ஆறியதும் விரலால் இழுத்தாலே தோல் முழுசாகக் கையோடு வந்துவிடும். நாரெல்லாம் போகப் பருப்பு மத்தால் மசித்தால் போதும், மிக்ஸி வேண்டாம்.

9-க்கு 13 அங்குலத் தட்டு நிறைய வேண்டுமென்றால் 4 பவுண்டு கிழங்கு. பக்கத்து வீட்டு அம்மா எழுதிக் கொடுத்த அட்டையில் ஒரு கப் சர்க்கரை என்றிருக்கிறது. சுட்ட காவிங்டனுக்கு அவ்வளவு எதற்கு? நான் கால் கப் பழுப்புச் சர்க்கரையோடு நிறுத்திக்கொள்கிறேன். வெண்ணெய் 6 மேஜைக்கரண்டி, பால் அரை கப், முட்டை 2, கொஞ்சம் வெனிலா, பட்டைப் பொடி, உப்பு ஒரு தேக்கரண்டி. உப்பில் கை இழுக்கவே கூடாது. இந்தப் பதார்த்தம் திகட்டுவதும் திகட்டாததும் அதில்தான் இருக்கிறது. கொஞ்சம் சுக்குப் பொடி சேர்ப்பது என் பங்கு. ஏலக்காய் போடுவதில்லை. போட்டால் வீடு முழுக்கக் கேசரி வாசனை வந்துவிடுகிறது, அப்புறம் வான்கோழி வீட்டில் அது ஒட்டாது.

மேலே தூவ: அரை கப் மைதா, அரை கப் பழுப்புச் சர்க்கரை, 4 மேஜைக்கரண்டி வெண்ணெய், ஒரு கப் நறுக்கிய பீக்கான் பருப்பு, ஒரு சிட்டிகை உப்பு. வெண்ணெயைச் சில்லென்று எடுத்து விரல் நுனியால் பிசறினால் உதிரியாக வரும். 350 டிகிரியில் 35, 40 நிமிடம். ஓரத்தில் கொப்புளம் விட்டு மேலே மொறுமொறுப்பானால் எடுத்துவிடலாம். பீக்கான் அமெரிக்க மண்ணின் மரம். மார்ஷ்மெல்லோவை விட அதற்குத்தான் இந்த மேஜையில் பாத்தியதை அதிகம் என்பது என் கட்சி.

மார்ஷ்மெல்லோ எப்படி உள்ளே வந்தது என்றால், வியாபாரம்தான். 1917-இல் ஏஞ்செலஸ் மார்ஷ்மெல்லோ கம்பெனி, சரக்கை வீட்டுச் சமையலறைக்குள் நுழைக்க, பாஸ்டன் சமையல் பள்ளிப் பத்திரிகையைத் தொடங்கிய ஜேனட் மெக்கென்ஸி ஹில்லைக் கொண்டு ஒரு சமையல் குறிப்புப் புத்தகம் போட்டது. மசித்த சர்க்கரைவள்ளி மேல் மார்ஷ்மெல்லோ வைத்துச் சுடுவது அதில் ஒரு குறிப்பு. விளம்பரக் குறிப்பு ஒன்று நூறு வருஷத்துக்குள் 'எங்கள் பாட்டி காலத்து வழக்கம்' ஆகிவிட்டது. குழந்தைகள் கேட்டால் மட்டும் ஒரு ஓரத்தில் ஜெலட்டின் இல்லாத வகையை வாங்கிப் பரப்பிவிடுகிறேன்.

என் மாமியார் கும்பகோணத்திலிருந்து வந்திருந்த வருஷம் முட்டை போடாமல் தனியாக ஒரு சின்னத் தட்டு செய்தேன். முட்டை இல்லாவிட்டால் கொஞ்சம் இளக்கமாக இருக்கும், அவ்வளவுதான். விருந்தில் எல்லோரும் அதைத் தட்டில் உருளைக்கிழங்குக்கும் பீன்ஸுக்கும் நடுவில் எடுத்து வைத்துக்கொள்வதைப் பார்த்துவிட்டு, அத்தை என் காதருகே வந்து, "ஏம்மா, அல்வாவைப் போய்ச் சோத்தோடயா சாப்பிடறாங்க?" என்றார். இங்கே வந்த புதிதில் நம்மவர்கள் எல்லோரும் கேட்கிற கேள்விதான். பாதிப் பேர் அதைத் தனியாக எடுத்துவைத்துக் கடைசியில் ஸ்வீட்டாகச் சாப்பிட்டுவிட்டு, திகட்டுகிறது என்று ஒதுக்குவார்கள்.

"அல்வா இல்ல அத்தை, மாங்காப் பச்சடின்னு நெனச்சுக்குங்க" என்றேன்.

சித்திரை வருஷப் பிறப்புக்கு வெல்லம் போட்ட மாங்காய்ப் பச்சடியை இலையின் ஓரத்தில் வைத்து, சாம்பார் சாதத்துக்கு நடுவே ஒரு விரல் தொட்டுக்கொள்கிறவர்கள் நாம். பரங்கிக்காய்ப் புளிக்கூட்டில் வெல்லம் இல்லாவிட்டால் கேட்போம். அந்த இடத்தில்தான் இது உட்காருகிறது. ஒரு கரண்டிதான் எடுக்க வேண்டும். கிரான்பெரியின் புளிப்பும் பிசைந்த உருளைக்கிழங்கின் உப்பும் கலந்து ஒரு வாய் வைத்தால், ஏன் நடுவில் வைக்கிறார்கள் என்பது புரிந்துவிடும். அத்தை ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, "பட்டை கொஞ்சம் தூக்கல்" என்றார். இரண்டாவது கரண்டி எடுத்துக்கொண்டதைப் பக்கத்து வீட்டு அம்மா கவனித்து எனக்குக் கண்ணைக் காட்டினார்.

கொண்டுபோகும் வழி பற்றியும் ஒரு வார்த்தை. விருந்து வீட்டில் ஓவன் காலையிலிருந்தே வான்கோழிக்குப் பதிவாகியிருக்கும். ஆகவே நம் வீட்டிலேயே முழுக்கச் சுட்டு, துண்டு சுற்றிக் கொண்டுபோக வேண்டும். அல்லது வான்கோழியை வெளியே எடுத்து ஆறவிடுகிற அரை மணி நேரத்தில் பத்து நிமிடம் கடன் கேட்கலாம். மெல்லிய அலுமினியத் தட்டு என்றால் அடியில் ஒரு கனமான தட்டு கொடுக்காமல் தூக்கக் கூடாது, நடுவில் மடங்கிவிடும். கண்ணாடித் தட்டு என்றால் அடியில் டேப் ஒட்டிப் பெயர் எழுதிவிடுங்கள். எல்லோர் வீட்டிலும் அதே தட்டுதான்.

மிச்சம் இருந்தால் ஃபிரிட்ஜில் மூன்று நாலு நாள் தாங்கும். சுடும்போதே நாலு கிழங்கு கூடச் சுட்டு வெறுமனே எடுத்துவைத்தால் விருந்துக்கு மறுநாள் வெள்ளிக்கிழமை போளிக்குப் பூரணம் ஆயிற்று. தேங்காய்ப் பூவும் கொஞ்சம் வெல்லமும் போதும். அந்த வருஷம் போளிக்கு வேலையே வரவில்லை. மறுநாள் மத்தியானம் நான் பார்த்தபோது அத்தை தயிர்சாதத்துக்கு ஒரு பக்கம் மோர்மிளகாயும் மறுபக்கம் அந்தச் சின்னத் தட்டின் மிச்சமுமாக உட்கார்ந்திருந்தார். எப்படி இருக்கிறது என்று கேட்டேன். பருப்பு பல்லில் மாட்டுகிறது, அடுத்த தடவை இன்னும் பொடியாக நறுக்கு என்றார்.