அழித்தும் திரும்பி வரும் சேவ் கோப்புகள்

வீட்டிலிருந்த கேம் கருவிகளில் பாதி கைமாறும் வேளை வந்தது. நின்டெண்டோ ஸ்விட்ச் அக்கா மகளுக்கு, பிளேஸ்டேஷன் 5 ஒரு தோழிக்கு, பழைய ஆண்ட்ராய்டு போன் வீட்டிலேயே இன்னொருவருக்கு. கணினி என்னிடமே இருக்கப்போகிறது. ஆனால் அதிலும் சில கேம்களை முதலிலிருந்து ஆடிப் பார்க்க ஆசை. எல்லாவற்றிலும் சேர்ந்து கிடந்த பழைய சேவ் கோப்புகளை, அதாவது ஆட்டம் எதுவரை வந்தது என்று கேம் சேமித்து வைக்கும் பதிவுகளை, ஒரேயடியாகத் துடைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன்.

கேமை நீக்கினால் சேவும் கூடவே போய்விடும் என்று பலர் நினைக்கிறார்கள். பெரும்பாலான கருவிகளில் அப்படிப் போவதில்லை. வேண்டுமென்றே அப்படி வைத்திருக்கிறார்கள். இடம் போதாமல் ஒரு கேமை நீக்குபவர் பிறகு அதை மறுபடி நிறுவினால் விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டுமே! நல்ல ஏற்பாடுதான், ஒழித்துக்கட்ட நினைக்கும் நாள் வரும் வரை.

முதல் பிளேஸ்டேஷன் காலத்தில் இந்தத் தொல்லை கிடையாது. அதன் மெமரி கார்டின் கொள்ளளவு 128 கிலோபைட். அதில் சேவ் வைக்க 15 கட்டங்கள். வேண்டாத கட்டத்தைத் தேர்ந்தெடுத்து அழித்தால் கதை முடிந்தது. இப்போதோ ஒரே சேவ் கருவியின் நினைவகத்தில் இருக்கிறது, இணையத்தில் நிறுவனம் தரும் சேமிப்பிடமான கிளவுட்டில் இருக்கிறது, அதே கணக்கில் நாம் எப்போதோ நுழைந்த இன்னொரு கருவியிலும் இருக்கிறது. ஓரிடத்தில் மட்டும் அழிப்பது, கிழங்கை மண்ணிலேயே விட்டுவிட்டுக் கோரையின் தலையைக் கிள்ளுவதுதான். எனவே ஒவ்வொரு கருவியிலும் நான் முதலில் கேட்டுக்கொண்ட கேள்வி: இந்த நகல்களில் எதை இது அசல் என்று நம்புகிறது? அதற்கு விடை தெரிந்த பிறகுதான் அழிக்கும் பட்டனைத் தொட்டேன்.

இந்த விஷயத்தில் மிகத் தெளிவாகப் பேசும் கருவி எக்ஸ்பாக்ஸ். தம்பியுடையதை அவன் கேட்டுக்கொண்டதால் நான்தான் சுத்தம் செய்தேன். கேமின் மேல் நின்று மெனு பட்டனை அழுத்தி, கேமையும் அதன் இணைப்புகளையும் நிர்வகிக்கும் பகுதிக்குப் போனால் ‘சேவ்டு டேட்டா’ இருக்கிறது. அதில் நம் பெயரைத் தேர்ந்தெடுத்ததும் இந்தக் கன்சோலிலிருந்து மட்டும் நீக்கவா, எல்லா இடத்திலிருந்தும் நீக்கவா என்று கேட்கிறது. முதலாவதை அழுத்தினால் கிளவுட் நகல் அப்படியே இருக்கும், அடுத்த முறை கேமைத் திறக்கும்போது இறங்கி வந்துவிடும். இரண்டாவதை அழுத்தினால் இரண்டும் போகும். எல்லாக் கருவிகளும் இப்படிக் கேட்டிருந்தால் எனக்கு எழுத ஒன்றும் இருந்திருக்காது.

பிளேஸ்டேஷன் 5-இல் கன்சோலுக்கும் கிளவுட்டுக்கும் தனித்தனிப் பட்டியல்கள். செட்டிங்ஸுக்குள் சேவ் டேட்டாவுக்கென்று ஒரு பிரிவு உண்டு. அதில் பிஎஸ்5 கேம்களின் சேவ் ஒரு பக்கம், பிஎஸ்4 கேம்களின் சேவ் இன்னொரு பக்கம். ஒவ்வொன்றுக்குள்ளும் கன்சோல் சேமிப்பு, கிளவுட் சேமிப்பு என்ற பிரிவு. கிளவுட் சேமிப்பு பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தாதாரர்களுக்கு மட்டும்தான். நான் முதலில் கன்சோலும் கிளவுட்டும் தானாக ஒத்துப்போகும் (சிங்க் ஆகும்) வசதியை நிறுத்தினேன், அடுத்து கிளவுட்டில் உள்ளதை நீக்கினேன், கன்சோலைக் கடைசியாக வைத்துக்கொண்டேன். ஒரு கேமுக்கு மட்டும் நகல் வேண்டியிருந்தது. பிஎஸ்4 கேம்களின் சேவ்களை யூஎஸ்பி டிரைவில் தனியாக எடுத்து வைக்கலாம். பிஎஸ்5 கேம்களின் சேவ்களை அப்படித் தனியாக எடுக்க வழியில்லை. அதற்குக் கிளவுட்தான் கதி. நான் காப்பாற்ற நினைத்தது பிஎஸ்5 கேம் என்பதால் அது ஒன்றை மட்டும் கிளவுட்டில் விட்டு வைத்தேன்.

கன்சோலில் உள்ளதை ஒவ்வொரு கேமாகத் தேடி அழிக்க ஆரம்பித்து, பாதியில் விட்டுவிட்டேன். கருவியே வேறொருவர் கைக்குப் போகிறது என்றால் அந்த வேலை வீண். சிஸ்டம் மெனுவில் ரீசெட் பகுதி இருக்கிறது. அங்கே கன்சோலை முழுவதுமாகத் தொடக்க நிலைக்குக் கொண்டுபோனால் சேவ், பயனர்கள், படங்கள் எல்லாம் ஒரே வீச்சில் போய்விடும். கிளவுட்டில் இருப்பது கணக்கோடு ஒட்டியது. அதை இந்த ரீசெட் தொடாது. இன்னொன்று: கேமில் சாதித்ததற்காகக் கிடைக்கும் கோப்பைகள் (ட்ரோஃபிகள்) சேவோடு சேர்ந்தவை அல்ல. சேவ் போனாலும் அவை கணக்கில் நிற்கும். முதலிலிருந்து ஆடினாலும் அதே கோப்பை இரண்டாம் முறை கிடைக்காது. கோப்பைக்காகவே மறுபடி ஆட நினைப்பவர்கள் இதைத் தெரிந்துகொண்டு இறங்குவது நல்லது.

ஸ்விட்சில் சேவ் எப்போதும் கன்சோலின் உள் நினைவகத்தில்தான் இருக்கும். மைக்ரோ எஸ்டி கார்டிலும் இருக்காது, கேம் கார்ட்ரிட்ஜிலும் இருக்காது. கார்ட்ரிட்ஜை மட்டும் ஒருவருக்குக் கொடுத்தால் நம் ஆட்டம் அவருக்குப் போகாது. எஸ்டி கார்டைக் கழற்றி எறிந்தாலும் சேவ் அழியாது. அழிப்பதற்கு சிஸ்டம் செட்டிங்ஸில் டேட்டா மேனேஜ்மென்ட் என்ற பகுதிக்குள் போக வேண்டும். அங்கே கேமைத் தேர்ந்தெடுத்ததும் எந்தப் பயனரின் சேவை அழிக்க வேண்டும் என்று கேட்கும். ஒரே ஒரு பயனருடையதை அழிக்கலாம், அந்தக் கேமின் மொத்த சேவையும் அழிக்கலாம். நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா இருந்தால் கிளவுட் நகலையும் தனியே நீக்க வேண்டும். அதுவும் அதே டேட்டா மேனேஜ்மென்டுக்குள்தான்.

இங்கே நான் கண்டுகொண்டது, புதிதாக ஆட விரும்புகிறவர் எதையும் அழிக்கவே வேண்டியதில்லை என்பதுதான். போகிமான் ஸ்வோர்டை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு பயனருக்கு ஒரு சேவ்தான். சேவ் இருக்கும்வரை புதிய ஆட்டம் தொடங்கும் வசதி மெனுவில் தென்படவே செய்யாது. ஆனால் கன்சோலில் இன்னொரு பயனரை உருவாக்கி அதே கேமைத் திறந்தால் புத்தம் புதிதாகத் தொடங்குகிறது. பழைய பயனரின் போகிமான்கள் அப்படியே பத்திரமாக இருக்கின்றன. அக்கா மகளுக்கு முதலில் செய்து கொடுத்தது இதைத்தான்.

அனிமல் கிராசிங் நியூ ஹொரைசன்ஸ் மட்டும் இதற்கு மசியவில்லை. 2020-இல் வந்த அந்தக் கேமில் ஒரு கன்சோலுக்கு ஒரே ஒரு தீவுதான். புதிய பயனர் உள்ளே நுழைந்தாலும் ஏற்கெனவே இருக்கும் தீவில் குடியேறியாக வேண்டும். முதலில் ஆடியவர்தான் அந்தத் தீவின் பிரதிநிதி. பாலம் கட்டுவது, கடை வைப்பது போன்ற பெரிய முடிவுகள் அவர் கையில்தான் இருக்கும். பின்னால் வந்தவர் எத்தனை நாள் ஆடினாலும் குடியிருப்பவர் மட்டுமே. “உங்கள் தீவும் இருக்கட்டும், எனக்கும் ஒரு தீவு வேண்டும், சித்தி” என்றாள் அவள். இரண்டுக்கும் அந்தக் கன்சோலில் இடமில்லை. மற்ற குடியிருப்பாளர்களைத் தொடக்கத் திரையில் மைனஸ் பட்டனை அழுத்தி வரும் செட்டிங்ஸிலிருந்து நீக்கலாம். பிரதிநிதியை மட்டும் நீக்க முடியாது. தீவு போக வேண்டுமென்றால் அந்தக் கேமின் மொத்த சேவும் போக வேண்டும். இந்தக் கேம் சாதாரண கிளவுட் சேமிப்பிலும் சேராது. தீவைக் காப்பதற்கென்று தனி ஏற்பாடு வைத்திருக்கிறது. ஒரு மாலை முழுக்க அவள் என் தீவில் சுற்றித் திரிந்து, கண்ணில் பட்ட அறைகலன்களையெல்லாம் படம் எடுத்துக்கொண்டாள். பிறகு அவளே அழிக்கும் பட்டனை அழுத்தினாள். படங்கள் மட்டும் ஆல்பத்தில் இருக்கின்றன. சேவை அழித்தால் படங்கள் அழிவதில்லை.

அதிக நேரம் வாங்கியது கணினிதான். விண்டோஸில் கேம்கள் சேவை வைப்பதற்கென்று பொதுவான ஓர் இடம் கிடையாது. சில கேம்கள் டாக்குமெண்ட்ஸுக்குள் ‘மை கேம்ஸ்’ கோப்புறையில் வைக்கின்றன. சில ‘சேவ்டு கேம்ஸ்’ என்ற கோப்புறையில். பல கேம்கள் ஆப்டேட்டா என்ற மறைத்து வைக்கப்பட்ட கோப்புறைக்குள் லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்ற மூன்றில் ஒன்றில் ஒளித்து வைக்கின்றன. விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் சேர்த்து அழுத்தி, திறக்கும் சிறு பெட்டியில் ஆப்டேட்டா என்ற சொல்லை இருபுறமும் சதவீதக் குறி இட்டு அடித்தால் நேராக ரோமிங்கில் போய் நிற்கும். ஒரு படி மேலே ஏறினால் மற்ற இரண்டும் தெரியும். ஸ்டார்டியூ வேலியைத் தேடியபோது ரோமிங்குக்குள் கேமின் பெயரில் ஒரு கோப்புறை, அதனுள் சேவ்ஸ், அதனுள் ஒவ்வொரு பண்ணைக்கும் ஒரு கோப்புறை இருந்தது. நான் வைத்த விவசாயியின் பெயர், ஒரு கீழ்க்கோடு, பின்னால் நீண்ட எண். எந்தப் பண்ணை எது என்று குழம்பவே வேண்டியதில்லை. எல்டன் ரிங் இதற்கு நேரெதிர்: பத்து கதாபாத்திரங்கள் வரை ஒரே கோப்புக்குள். ஒருவரை மட்டும் நீக்க நினைத்துக் கோப்பில் கை வைத்தால் அத்தனை பேரும் போவார்கள்.

கோப்பைக் கண்டுபிடித்து அழித்தால் வேலை முடிந்ததா என்றால் இல்லை. கணினிக் கேம்களை விற்கும் ஸ்டீம் தளம் வழியாக வாங்கிய கேம் அதன் ஸ்டீம் கிளவுட்டை ஆதரித்தால், கேமைத் திறந்ததுமே கணினியில் சேவ் காணவில்லையே என்று கிளவுட்டிலிருந்து இறக்கி வைத்துவிடும். அதன் கணக்கில் கிளவுட்தான் அசல். பழைய ஆட்டம் முன்பிருந்த இடத்திலேயே வந்து நிற்கும். கேமின் உள்ளேயே அழிக்கும் வசதி இருந்தால் முதலில் அதைத்தான் பயன்படுத்த வேண்டும். ஸ்டார்டியூ வேலியில் பண்ணையின் பெயருக்குப் பக்கத்தில் ஒரு குப்பைத் தொட்டி படம் உண்டு. அதை அழுத்தி அழித்துவிட்டுக் கேமை மூடினால் கிளவுட்டும் அதைப் பின்தொடர்கிறது.

அந்த வசதியே இல்லாத ஒரு பழைய கேமுக்கு வேறு வழி தேவைப்பட்டது. கேமைத் திறந்து, தொடக்கத் திரையில் அப்படியே நிறுத்தி, ஆல்ட்டும் டேபும் அழுத்தி வெளியே வந்து, சேவ் கோப்புறையில் இருந்ததை நீக்கினேன். பிறகு கேமுக்குத் திரும்பி, புதிய ஆட்டம் தொடங்கி, ஒரு தடவை சேமித்துவிட்டு மூடினேன். மூடும்போது ஸ்டீம் இந்தக் கணினியில் நடந்த மாற்றத்தைக் கிளவுட்டுக்கு அனுப்புகிறது. இப்போது புதிய ஆட்டம்தான் அசல். சிங்க் வேண்டவே வேண்டாம் என்பவர்கள் லைப்ரரியில் கேமின் மேல் வலது சொடுக்கி, ப்ராப்பர்ட்டீஸில் ஜெனரல் பகுதியில் கிளவுட் சேமிப்பை நிறுத்திவிடலாம். ஆனால் நிறுத்துவது அழிப்பதாகாது. கிளவுட்டில் உள்ள நகல் அங்கேயே தூங்கும். ஸ்டீம் கணக்குப் பக்கத்தில் கிளவுட்டில் என்னென்ன கோப்புகள் இருக்கின்றன என்று பார்க்கலாம், இறக்கிக்கொள்ளவும் செய்யலாம், அழிக்க மட்டும் பட்டன் இல்லை. நகல் எடுக்கவும் வேலை முடிந்ததா என்று சரிபார்க்கவும் எனக்கு அது உதவியது.

அலமாரியில் கிடந்த பழைய லேப்டாப்பை இதற்கிடையில் நினைவுவைத்துத் தேடி எடுத்தேன். அதே ஸ்டீம் கணக்கு அதிலும் இருந்தது. அதே கேம்கள், அதே பழைய சேவ். கேமைத் தொடங்கியதும் கிளவுட்டில் இருப்பதும் இந்தக் கணினியில் இருப்பதும் பொருந்தவில்லை, எதை வைத்துக்கொள்ள என்று ஒரு பெட்டி கேட்டது. இரண்டுக்கும் நேரே தேதி போட்டிருக்கும். அதைப் படிக்காமல் கை போன பக்கம் சொடுக்கினால் பழையது புதியதை விழுங்கிவிடும். கிளவுட்டைத் தேர்ந்தெடுத்தேன். ஒரே கணக்கு எத்தனை கருவிகளில் திறந்திருக்கிறதோ அத்தனையையும் ஒரு முறை இயக்கிப் பார்ப்பது அலுப்பான வேலை, ஆனால் விட்டுவிடக் கூடாத வேலை.

போனில் குழப்பம் இரண்டு பட்டன்களில்தான். ஆண்ட்ராய்டில் செட்டிங்ஸில் அந்த ஆப்பின் ஸ்டோரேஜ் பகுதியில் ‘கிளியர் கேஷ்’ என்றும் ‘கிளியர் டேட்டா’ என்றும் இருக்கும். கேஷ் என்பது தற்காலிகக் கோப்புகள் மட்டும். அதை எத்தனை முறை துடைத்தாலும் சேவ் அசையாது. டேட்டாதான் சேவ். அதையும் மீறித் திரும்பி வந்தால் இரண்டு காரணங்கள் இருக்கலாம். ஆண்ட்ராய்டு 6.0 முதல் ஒவ்வோர் ஆப்பின் தரவையும் 25 எம்பி வரை கூகுள் கணக்கில் தானாக நகல் எடுக்கும் ஏற்பாடு இருக்கிறது. ஆப்பை மறுபடி நிறுவினால் அந்த நகல் இறங்கும். மற்றது கேம்களுக்கென்று கூகுள் வைத்திருக்கும் கூகுள் பிளே கேம்ஸ். அதன் செட்டிங்ஸில் ஒரு குறிப்பிட்ட கேமின் தரவை மட்டும் நீக்கும் வசதி உண்டு. மொத்தக் கணக்கையும் நீக்கும் பட்டன் அதற்குப் பக்கத்திலேயே இருப்பதால் நிதானமாகப் படித்து அழுத்த வேண்டும்.

ஐபோனில் ‘ஆஃப்லோட் ஆப்’ என்பதை நம்ப வேண்டாம். அது ஆப்பை மட்டும் எடுத்துவிட்டுத் தரவை வைத்துக்கொள்ளும். ‘டெலீட் ஆப்’ இரண்டையும் எடுக்கும், ஆனால் ஐகிளவுட்டில் இருப்பது தங்கிவிடும். செட்டிங்ஸில் நம் பெயரைத் தொட்டு, ஐகிளவுட் சேமிப்புப் பட்டியலில் அந்தக் கேமைத் தேடி அங்கிருந்தும் நீக்க வேண்டும். அங்கே நீக்கினால் அதே கணக்கிலுள்ள ஐபேடிலும் போய்விடும்.

கடைசியாக மிஞ்சியது ஓர் ஆன்லைன் கேம். இவ்வகைக் கேம்களில் நம் கருவியில் சேவே கிடையாது. எல்லாம் அந்த நிறுவனத்தின் சர்வரில், நம் கணக்கின் பெயரில். கருவியைத் துடைத்துப் பயனில்லை, கணக்கையே நீக்க வேண்டும். கணக்கு உருவாக்க அனுமதிக்கும் ஆப்கள் அதை நீக்கும் வழியையும் ஆப்புக்குள்ளேயே தர வேண்டும் என்று ஆப்பிள் 2022 ஜூன் 30 முதல் கட்டாயமாக்கியிருக்கிறது. அதனால் பட்டன் இருந்தது, மெனுவின் அடியில், சின்ன எழுத்தில். அழுத்தியதும் வாங்கி வைத்த நாணயங்களும் சேர்ந்து போகும் என்று எச்சரித்தது, மின்னஞ்சலில் உறுதிசெய்யச் சொன்னது, பிறகு மனம் மாறினால் திரும்பி வருவதற்கென்று சில வாரங்கள் காத்திருக்க வைத்தது. அந்த வாரங்களில் ஒருமுறை லாகின் செய்தாலே கோரிக்கை ரத்தாகிவிடும் என்பதால், தவறிக்கூட யாரும் திறந்துவிடாதபடி எல்லாக் கருவிகளிலிருந்தும் அந்தக் கேமை முதலிலேயே எடுத்துவிட்டேன். கெடு முடிந்து கணக்கு போனது. நான் வைத்திருந்த பெயரிலேயே புதிதாகத் தொடங்கப் பார்த்தேன். அந்தப் பெயர் ஏற்கெனவே எடுக்கப்பட்டுவிட்டது என்று சொல்லி, பின்னால் ஓர் எண்ணைச் சேர்த்துக்கொள்ளச் சொன்னது.