நெதரைட் கவசம் வேண்டுமா? முதலில் டெம்ப்ளேட்டைத் தேடுங்கள்

மைன்கிராஃப்ட் விளையாட்டில் டைமண்டைவிட உறுதியான நெதரைட் கவசம் நான்கு உருப்படியும் முடித்துவிட்டேன். சந்தோஷம்தான். ஆனால் பழைய வழிகாட்டிகளை நம்பி அலைந்த எரிச்சல் இன்னும் அடங்கவில்லை. எனக்குத் தேடிக் கிடைத்த வீடியோக்களில் பாதி, 2020-இல் நெதர் (லாவா நிறைந்த பாதாள உலகம்) அப்டேட் வந்த சூட்டோடு எடுத்தவை. டெப்ரிஸை (நெதரில் புதைந்திருக்கும் அரிய மூலப்பொருள்) தோண்டு, உருக்கு, தங்கம் சேர், ஸ்மித்திங் டேபிளில் டைமண்ட் கவசத்தோடு வை, அவ்வளவுதான் என்று முடித்துவிடுகிறார்கள். அன்றைக்கு அது சரி. 2023 ஜூனில் 1.20 பதிப்பு வந்த பிறகு அந்தக் கடைசிப் படி அப்படியே செல்லாது.

தோண்டுவதில் பெரிய சிக்கல் இல்லை. உயரம் 15 வாக்கில் நேராகச் சுரங்கம் போட்டு, கட்டில் வைத்து வெடிக்கவிட்டேன். நெதரில் கட்டிலில் படுக்கப் போனால் வெடிக்கும் என்பது தெரிந்ததே. நெதரின் சாதாரணக் கல்லான நெதர்ராக் சிதறும், டெப்ரிஸ் அசையாது. கட்டிலுக்கும் உங்களுக்கும் நடுவில் ஒரு பிளாக் வைக்காமல் கை வைக்காதீர்கள். தீ தாங்கும் போஷன், ரெட்ஸ்டோன் சேர்த்த 8 நிமிட வகை, கையோடு இருக்கட்டும். நான்கு உருப்படிக்கு 16 டெப்ரிஸ், 16 தங்கக் கட்டி. அதுவரை எல்லாம் நன்றாகவே போனது.

ஊருக்குத் திரும்பி ஸ்மித்திங் டேபிளைத் திறந்தேன். செஸ்ட்பிளேட்டை வைத்தேன், நெதரைட் இன்காட்டை வைத்தேன். இடது ஓரத்தில் ஒரு கட்டம் காலியாக நின்றது. வலது பக்கம் எதுவும் வரவில்லை. அக்கா மகனுக்குப் போன் போட்டேன்.

"அதுக்கு அப்கிரேட் டெம்ப்ளேட் வேணும் மாமா. நெதர்ல பேஸ்டியன் கோட்டைப் பெட்டியில்தான் இருக்கும். பிக்லின்கிட்ட தங்கம் கொடுத்தா கிடைக்காது, வீணாக்காதீங்க" என்றான்.

இந்தக் கடைசி வரியைப் பெரிதாக எழுதி ஒட்டி வைக்கலாம். பிக்லின், அதாவது நெதரில் திரியும் பன்றிமுக உயிரினம், தங்கக் கட்டியை வாங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, சரளைக் கல்லையோ தோலையோ எறியும். அதன் பண்டமாற்றுப் பட்டியலிலேயே டெம்ப்ளேட் கிடையாது. தீ தாங்கும் போஷன் வேண்டுமானால் அதனிடம் போகலாம், அவ்வளவுதான்.

என் உலகம் 1.16 (அந்த நெதர் அப்டேட்) காலத்தில் தொடங்கியது. போர்ட்டலுக்குப் பக்கத்திலேயே ஒரு பேஸ்டியன் இருந்ததால் அங்கே ஓடினேன். ஒவ்வொரு பெட்டியும் காலி. அப்போதே திறந்து அள்ளியாகிவிட்டது, அது மறுபடி நிரம்பாது. பழைய உலகில் விளையாடுகிறவர்கள் இதைக் கவனியுங்கள்: திறக்காத பெட்டிக்குள் என்ன இருக்கும் என்பது திறக்கும்போதுதான் முடிவாகிறது. அதனால் பழைய பேஸ்டியனிலும் யாரும் தொடாத பெட்டி இருந்தால் டெம்ப்ளேட் வர வாய்ப்பு உண்டு. தொட்டதில் இல்லை.

அடுத்ததைத் தேடி நடந்தேன். பசால்ட் டெல்டா பகுதியில் பேஸ்டியனே உருவாகாது, அங்கே காலை வீணாக்க வேண்டாம். கிடைத்தது பாலம் வகை. சாதாரணப் பெட்டிகளில் சுமார் பத்தில் ஒன்றில்தான் டெம்ப்ளேட் இருக்கும். எனக்கு ஒன்றிலும் இல்லை. நிச்சயமாகக் கிடைப்பது புதையல் அறை வகையில் மட்டுமே. அடியில் லாவா, அதன்மேல் தங்க பிளாக் குவியல், நடுவில் மேக்மா கியூப் என்ற உயிரினத்தை உருவாக்கும் ஸ்பானர். இவற்றைப் பார்த்தால் அதுதான்.

அதைக் கண்டுபிடித்தபோது உண்மையாகவே கை நடுங்கியது. தங்க ஹெல்மெட் போட்டால் பிக்லின்கள் சும்மா இருக்கும், ஆனால் கோட்டையைக் காக்கும் முரட்டு வகையான புரூட்டுக்கு அந்தக் கணக்கெல்லாம் கிடையாது. தங்கக் கோடரியோடு நேரே வரும், 50 உயிர் வேறு. இரண்டு பிளாக் உயர மேடையில் நின்று குறுக்கு வில்லால் ஒவ்வொன்றாகச் சாய்த்தேன். செத்த புரூட் மறுபடி உருவாகாது என்பது பெரிய நிம்மதி. பெட்டியைத் திறப்பதைப் பிக்லின் பார்த்துவிட்டால் ஹெல்மெட் இருந்தாலும் பாயும். சுற்றிலும் கற்களை அடுக்கி மறைத்துக்கொண்டு, அப்புறம் திறந்தேன். உள்ளே டெம்ப்ளேட்!

இனிதான் முக்கியமான இடம். கிடைத்த டெம்ப்ளேட்டை உடனே செஸ்ட்பிளேட்டுக்குப் போட்டுவிடாதீர்கள். ஒரு உருப்படிக்கு ஒன்று வீதம் அது செலவாகிவிடும். மறுபடி பேஸ்டியனுக்குப் போக வேண்டியதுதான். முதலில் நகல் எடுங்கள். கிராஃப்டிங் டேபிளில் மேலே நடுவில் டெம்ப்ளேட், மையத்தில் நெதர்ராக், மற்ற ஏழு கட்டத்திலும் டைமண்ட். ஒன்று இரண்டாகும். நான்கு உருப்படிக்கு மூன்று நகல், 21 டைமண்ட். கையிருப்பாக ஒன்று வைத்துக்கொள்ள 28. கண்டிப்பாக வைத்துக்கொள்ளுங்கள்.

டைமண்ட் கவசத்தில் இருக்கும் என்சான்ட்மென்ட் (மந்திரச் சக்தி) அப்படியே நிற்கும், கழற்ற வேண்டாம். இன்னொன்று: கீழே விழுந்த நெதரைட் பொருள் லாவாவில் எரியாது என்பதால், போட்டுக்கொண்டு லாவாவில் இறங்கலாம் என்று நினைத்துவிடாதீர்கள். உயிர் வழக்கம்போலவே குறையும்.

கையிருப்பிலிருந்து எடுத்த நகல் ஒன்றை அக்கா மகனுக்கு அனுப்பிவிட்டேன். அவனுக்கு முதலில் பிக்காக்ஸ்தான் வேண்டுமாம்.